பாக்கிக்குத்தான் வட்டி

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிக் கொலுசுத் தொழிலில் இருக்கிறவர்களிடம் வட்டி வருஷத்துக்கு எத்தனை சதவீதம் என்று கேட்டால் ஒரு நொடி யோசிப்பார்கள். அவர்கள் கணக்கில் வட்டி என்றால் நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்பதுதான். ஒரு ரூபாய் வட்டி, ஒன்றரை வட்டி, ரெண்டு வட்டி. என் மாமனார் அங்கே பட்டறை வைத்திருந்தவர். வெள்ளி எடுக்கக் கடன் வாங்குவதும், கொலுசு விற்ற காசில் அதை அடைப்பதுமாகவே வாழ்ந்தவர். 2019 தொடக்கத்தில் கன்னங்குறிச்சியில் ஒரு வீட்டை விலை பேசிவிட்டு, நானும் என் கணவரும் வங்கியிலிருந்து கடன் விவரத்தை வாங்கி வந்தோம். மாமனார் முதலில் செய்தது 8.5 சதவீதத்தைப் பன்னிரண்டால் வகுத்ததுதான்.

"எழுபத்தொரு பைசா வட்டி. கம்மிதாம்மா. ஆனா இருபது வருஷம் பாக்கி நிக்குது பாரு, விஷயம் அதுலதான் இருக்கு" என்றார்.

வீட்டுக் கடனைப் பற்றி நான் தெரிந்துகொண்ட எல்லாமே அந்த ஒரு பேச்சின் விரிவுதான். கடன் வாங்கப் போகிற பலரும் வட்டி விகிதத்தில் கால் சதவீதம் குறைக்க ஐந்து வங்கிக்கு அலைகிறார்கள். அலைவது நல்லதுதான். ஆனால் அந்த வீட்டுக்குக் கடைசியில் நாம் எவ்வளவு கொடுத்திருப்போம் என்பதை விகிதத்தைவிட அதிகமாகத் தீர்மானிப்பது, பாக்கி எவ்வளவு காலம் உயரத்திலேயே நிற்கிறது என்பதுதான்.

எங்கள் கடன் 30 லட்சம். 20 வருஷம், 8.5 சதவீதம், மாதத் தவணை 26,035 ரூபாய். வங்கியில் கேட்டால் தவணை அட்டவணை ஒன்றைக் கொடுப்பார்கள். ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு வரி. அதில் வட்டிக்கு எவ்வளவு, அசலுக்கு எவ்வளவு, பாக்கி எவ்வளவு என்று இருக்கும். 240 வரிகள். மாமனார் மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அதை ஒரு சாயங்காலம் முழுக்கப் பார்த்தார். தன் சிட்டை நோட்டில் முதல் மாத வரியை மறுபடி போட்டுப் பார்த்தார். 30 லட்சத்தில் நூறுகள் 30,000. ஒவ்வொரு நூறுக்கும் 70.83 பைசா. ஆக வட்டி 21,250 ரூபாய். 26,035-ல் அது போக அசலுக்குப் போவது 4,785 ரூபாய்தான்.

அந்த ஒரு வரியிலேயே முழு விஷயமும் இருக்கிறது. இ.எம்.ஐ., அதாவது மாதத் தவணை, எத்தனை என்பது ஒரு சூத்திரத்தில் வருகிற எண். ஆனால் வட்டி ஒவ்வொரு மாதமும் அன்றைய பாக்கிக்குப் போடப்படுவது. பாக்கி பெரிதாக இருக்கிற ஆரம்ப வருஷங்களில் நாம் கட்டுவதில் பெரும்பகுதி வட்டிக்கே போய்விடும். பாக்கி மெதுவாகக் கரைவதால் அடுத்த மாத வட்டியும் மெதுவாகவே குறையும். இதில் வங்கி யாரையும் ஏமாற்றவில்லை. மாமனார் பட்டறைக் கணக்கிலும் இதே விதிதான்.

அட்டவணையில் இன்னும் சில வரிகளைப் பென்சிலால் வட்டமிட்டோம். ஐந்து வருஷம் முடியும்போது நாங்கள் கட்டியிருப்பது 15 லட்சத்து 62 ஆயிரம். பாக்கி 26 லட்சத்து 44 ஆயிரம் இருக்கும். அதாவது அசலில் கழிந்தது வெறும் 3 லட்சத்து 56 ஆயிரம். பத்து வருஷத்தில், சரியாகப் பாதித் தூரத்தில், பாக்கி 21 லட்சம். தவணையில் வட்டியைவிட அசல் அதிகமாகப் போக ஆரம்பிப்பது பன்னிரண்டாம் வருஷக் கடைசியில். பாக்கி 15 லட்சமாக, பாதியாக இறங்குவது பதினாலாம் வருஷ முடிவை ஒட்டி. இருபது வருஷமும் அட்டவணைப்படியே போனால் மொத்தம் கட்டுவது 62 லட்சத்து 48 ஆயிரம். அதில் வட்டி 32 லட்சத்து 48 ஆயிரம், வாங்கின கடனைவிட அதிகம்.

ஐந்து வருஷம் கட்டிவிட்டு ஸ்டேட்மென்ட் வாங்கிப் பார்த்து, "இத்தனை கட்டியும் ஒண்ணும் குறையலையே" என்று அதிர்ச்சியாகிறவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். அவர்கள் அதிர்ச்சியாகிற அந்த எண் கடன் வாங்கின முதல் நாளே அட்டவணையில் அறுபதாவது வரியில் அச்சாகியிருந்தது. அதனால்தான் தெரிந்தவர்கள் யார் கடன் வாங்கினாலும் நான் முதலில் சொல்வது இது: கையெழுத்துப் போடும் முன் அட்டவணையை வாங்கி 60, 120, 180 ஆகிய மூன்று வரிகளையும் பாருங்கள்.

இப்போது இதற்கு விதியே இருக்கிறது. 2024 அக்டோபர் 1 முதல், வீட்டுக் கடன் போலத் தனிநபர் வாங்கும் தவணைக் கடன் எதுவானாலும் வங்கியும் நிதி நிறுவனமும் முக்கிய விவர அறிக்கை என்ற ஒரு தாளைக் கடன் வாங்குகிறவருக்குக் கொடுத்தாக வேண்டும். வட்டியோடு பிராசசிங் ஃபீஸ், லீகல் ஃபீஸ், இன்ஷூரன்ஸ் எல்லாம் சேர்த்து வருஷத்துக்கு உண்மையில் எத்தனை சதவீதம் விழுகிறது என்பது அதில் இருக்க வேண்டும். தவணை அட்டவணையும் கூடவே வர வேண்டும். கடன் வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில் அது இருக்க வேண்டும் என்பதும் ரிசர்வ் வங்கியின் உத்தரவு. தமிழில் கேளுங்கள். கூச்சப்பட வேண்டாம். அந்தத் தாளில் இல்லாத கட்டணத்தை நம் சம்மதம் இல்லாமல் பின்னால் போட முடியாது.

சரி, காலத்துக்கு வருவோம். வங்கியில் எங்களிடம் 30 வருஷம் வரைக்கும் போகலாம் என்றார்கள். "மேடம், மாசம் மூவாயிரம் குறையும், கை கொஞ்சம் ஃப்ரீயா இருக்கும்" என்று நல்ல எண்ணத்தில்தான் சொன்னார் அந்த அதிகாரி. கணக்கு என்னவென்றால், 30 வருஷத்துக்குத் தவணை 23,067 ரூபாய். இருபது வருஷத் தவணையைவிட மாதம் 2,968 ரூபாய் குறைவு. ஆனால் மொத்தம் கட்டுவது 83 லட்சத்து 4 ஆயிரம். மாதம் மூவாயிரம் குறைவாகக் கட்டுவதற்காக 20 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறோம். எதிர்ப்பக்கம் போனால், 15 வருஷத்துக்குத் தவணை 29,542. மாதம் 3,507 கூடுதல். ஆனால் வட்டியில் மிச்சம் 9 லட்சத்து 31 ஆயிரம்.

அப்படியானால் எல்லோரும் பதினைந்து வருஷத்துக்கே வாங்க வேண்டியதுதானே என்று தோன்றும். நாங்கள் அப்படிச் செய்யவில்லை. பதினைந்து வருஷக் கடன் என்று எழுதிவிட்டால் 29,542 ரூபாயைக் கட்டித்தான் ஆக வேண்டும். வீட்டில் யாருக்காவது உடம்பு சரியில்லாத மாதத்திலும், சம்பளம் தாமதமாகிற மாதத்திலும் அதே தொகைதான். ஒரு டியூ தவறினாலும் சிபில் ஸ்கோர், அதாவது கடனை ஒழுங்காகக் கட்டுகிறோமா என்பதற்கான மதிப்பெண், அடிவாங்கும். அதனால் இருபது வருஷத்துக்கு எழுதிக்கொண்டு, பதினைந்து வருஷத் தவணை போலக் கட்டுவது என்று முடிவு செய்தோம். முடியாத மாதத்தில் 26,035 மட்டும் போதும். அந்தச் சுதந்திரத்துக்கு விலை எதுவும் கிடையாது. ஏனென்றால் மாறும் வட்டி விகிதத்தில் தனிநபர் வாங்கும் வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்க வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே தடை போட்டுவிட்டது. இது தெரியாமல், முன்னாலேயே கட்டினால் ஃபைன் போடுவார்கள் என்று பயந்துகொண்டு பணத்தை சேவிங்ஸ் கணக்கில் குறைந்த வட்டிக்குப் போட்டு வைத்திருக்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். நிலையான வட்டிக் கடன் என்றால் மட்டும் ஒப்பந்தத்தைப் படித்துப் பார்க்க வேண்டும்.

நடைமுறையில் ஒரு சிக்கல் வந்தது. எங்கள் கிளையில் மூவாயிரம், நாலாயிரம் என்று சின்னத் தொகையாகப் பார்ட் பேமென்ட் வாங்கமாட்டோம், குறைந்தது ஒரு தவணை அளவாவது கட்ட வேண்டும் என்றார்கள். அதனால் மாதம் 3,500 ரூபாய்க்கு ஆர்.டி. போட்டு, அது ஒரு தவணை அளவுக்குச் சேரும்போதெல்லாம் எடுத்துக் கட்டினோம். என் கணவரின் தீபாவளி போனஸும் அதோடு சேர்ந்துவிடும். ஒருமுறை கட்டிய பணத்தை அசலில் கழிக்காமல், அடுத்த மாதத் தவணைக்கான முன்பணம் போல வரவு வைத்துவிட்டார்கள். அப்படி வைத்தால் பாக்கி குறையாது, பணம் கட்டியதற்குப் பலனே இல்லை. ஸ்டேட்மென்டைப் பார்த்துக் கையோடு போய்க் கேட்டதால் மாற்றிக் கொடுத்தார்கள். அதிலிருந்து ஒவ்வொரு முறையும் ஒரு வெள்ளைத்தாளில், "இந்தத் தொகையை அசலில் கழிக்கவும். தவணைத் தொகையை மாற்ற வேண்டாம், காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுத்து, நகலில் சீல் வாங்கி வைக்கிறோம். ஆன்லைனில் கட்டினாலும் பொதுவாக இந்தக் கேள்வி வரும்: தவணை குறையணுமா, காலம் குறையணுமா? காலம் என்பதுதான் வட்டியை மிச்சப்படுத்துகிற பதில். கை மிகவும் நெருக்கடியில் இருப்பவர்கள் தவணையைக் குறைக்கக் கேட்பதில் தப்பில்லை.

எப்போது கட்டுகிறோம் என்பது எவ்வளவு கட்டுகிறோம் என்பதைவிட முக்கியம். எங்கள் கடனையே எடுத்துக்கொள்ளுங்கள். முதல் வருஷ முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால், கடைசியில் 18 தவணைகள் காணாமல் போகும். 18 தவணை என்பது 4 லட்சத்து 70 ஆயிரம் ரூபாய். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் வருஷ முடிவில் கட்டினால் குறைவது ஆறு தவணைக்கும் உள்ளாகத்தான், ஒன்றரை லட்சம். ஒரே ஒரு லட்சம், ஒரே கடன். முன்னால் வந்தால் 3 லட்சத்து 70 ஆயிரம் மிச்சம், பின்னால் வந்தால் 50 ஆயிரம்.

இதில் ஒரு கஷ்டமான உண்மை உண்டு. கூடுதலாகக் கட்டுவது அதிகம் பலன் தருகிற முதல் ஐந்து வருஷம்தான் குடும்பத்துக்குக் கை மிகவும் இறுக்கமான காலமும். அட்வான்ஸ், பத்திரச் செலவு, கிரில், கப்போர்டு, போர்வெல் மோட்டார் என்று எல்லாச் சேமிப்பும் கரைந்திருக்கும். சம்பளமும் இன்னும் ஏறியிருக்காது. பத்து வருஷம் கழித்துக் கை தாராளமாகும்போது பணத்துக்கு அந்த வேகம் இருக்காது. அதனால் நான் சொல்வது, வீடு குடி போகும்போதே எல்லாவற்றையும் செய்து முடித்துவிட வேண்டாம். மாடுலர் கிச்சன் மூன்று வருஷம் காத்திருக்கும். ஃபால்ஸ் சீலிங் இல்லாமலேயே வாழலாம். எங்கள் வீட்டில் இன்னும் அது இல்லை. வீடு முழுதும் முடித்துவிட்டுத்தான் பால் காய்ச்சுவோம் என்று தனியாக 14, 15 சதவீதத்துக்குப் பர்சனல் லோன் எடுக்கிறவர்களைப் பார்த்தால் எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது.

அதே சமயம், கையில் இருக்கும் கடைசிப் பணத்தையும் கடனில் கொட்டிவிடக் கூடாது. ஆறு மாதச் செலவுக்கும் தவணைக்கும் ஆகிற தொகை தனியாக இருக்க வேண்டும். இதை எங்களுக்கு 2020 சொல்லிக் கொடுத்தது.

அந்த வருஷம் ஊரடங்கில் செவ்வாய்ப்பேட்டை, சிவதாபுரம் பக்கமெல்லாம் பட்டறைகள் நின்றுபோயின. கல்யாணம் இல்லை, கொலுசுக்கு ஆர்டர் இல்லை. எங்கள் தெருவில் ஒரு பட்டறைக்காரர் எங்களைப் போலவே, கிட்டத்தட்ட அதே தொகைக்குக் கடன் வாங்கியிருந்தார். தவணையை நிறுத்தி வைக்கலாம் என்று ரிசர்வ் வங்கி மார்ச் முதல் மூன்று மாதமும், பிறகு ஆகஸ்ட் 31 வரையும் அனுமதி கொடுத்தது. அவர் ஆறு மாதமும் நிறுத்தினார். அவருக்கு வேறு வழி இல்லை, நான் அவர் இடத்தில் இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன். ஆனால் தவணை நின்றாலும் வட்டி நிற்கவில்லை. 30 லட்சம் கடனில் ஒரு வருஷம் சொச்சம் கட்டிவிட்டு ஆறு தவணையை நிறுத்தினால், அந்த வட்டி ஒன்றேகால் லட்சம் பாக்கியில் ஏறிக்கொள்ளும். அதே 26,035-ஐ அதே வட்டியில் தொடர்ந்தால் பின்னால் சுமார் 25 தவணை நீளும். நின்றது ஆறு, நீண்டது இருபத்தைந்து. வட்டிக்கு வட்டி மட்டும் பிறகு அரசு திருப்பிக் கொடுத்தது, அது இந்தக் கணக்கில் இரண்டாயிரம் ரூபாய் சொச்சம்தான். என் கணவரின் வேலை போகாமல் இருந்ததால் நாங்கள் தொடர்ந்து கட்டினோம். தனியாக வைத்திருந்த பணம்தான் அந்த மாதங்களில் தைரியம் கொடுத்தது.

அடுத்து வட்டி விகிதம். இதில் நம் கையில் இருப்பது குறைவு, ஆனால் கவனிக்காமல் விட்டால் நஷ்டம் பெரிது. நாங்கள் கடன் வாங்கியபோது அது எம்.சி.எல்.ஆர். என்ற வங்கியின் சொந்த அளவுகோலோடு கட்டப்பட்டிருந்தது. 2019 அக்டோபர் 1-லிருந்து, வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்று விதி வந்தது. 2020-ல் ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது. புதிதாக வாங்குகிறவர்களுக்கு வட்டி சட்டென்று குறைந்தது, பழைய கடன்காரர்களுக்கு மெதுவாகத்தான் நகர்ந்தது. வங்கி தானாகக் கூப்பிட்டு "உங்களுக்கும் குறைக்கிறோம்" என்று சொல்லாது. போய்க் கேட்டு, ஒரு சின்னக் கட்டணம் கட்டி மாற்றிக்கொள்ள வேண்டும். நாங்கள் மாற்றினோம். முக்கால் சதவீத வித்தியாசம் அற்பம் என்று தோன்றும். உதாரணத்துக்கு, 26 லட்சம் பாக்கி, 15 வருஷம் மீதி என்றால் 9.25-க்கும் 8.5-க்கும் இடையில் மொத்த வித்தியாசம் 2 லட்சத்துக்கு மேல். வருஷத்துக்கு ஒருமுறை, அதே வங்கி இன்று புதிய ஆளுக்கு என்ன வட்டியில் கொடுக்கிறது என்று பார்த்தாலே போதும். வேறு வங்கிக்கு மாற்றுவது கடைசி ஆயுதம். அதில் பிராசசிங் ஃபீஸ், லீகல், அடமானப் பதிவு எல்லாம் மறுபடி முதலிலிருந்து வரும்.

என் தம்பி கதை இதற்கு நேர்மாறு. அவன் அம்மாப்பேட்டையில் வீடு வாங்க 2021 ஆகஸ்டில் கடன் எடுத்தான். 30 லட்சம், 7 சதவீதம், 20 வருஷம், தவணை 23,259. இந்த வட்டியே எப்போதும் இருக்காது என்று அப்போதே சொல்லியிருந்தேன், அவனும் புரிந்துதான் வாங்கினான். 2022 மே மாதத்திலிருந்து ரிசர்வ் வங்கி ரெப்போவை ஏற்ற ஆரம்பித்து, 2023 பிப்ரவரிக்குள் 4-லிருந்து 6.5 ஆக்கிவிட்டது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீதம். ஒரு நாள் போன் பண்ணினான்.

"அக்கா, வட்டி ஏறியிருக்குன்னு மெசேஜ் வருது, ஆனா டியூ அதேதான் போகுது. நல்லதுதானே?"

நல்லது இல்லை. தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிக்கொண்டே போகிறார்கள் என்று அர்த்தம். கணக்குப் போட்டுப் பார்த்தோம். அவன் பாக்கி ஏறக்குறைய 29 லட்சம். வட்டி 9.5 ஆனால் ஒரு மாத வட்டி மட்டும் கிட்டத்தட்ட 22,900. அவன் தவணை 23,259. அசலுக்குப் போவது நானூறு ரூபாய்கூட இல்லை. அந்தத் தவணையிலேயே ஓடினால் கடன் முடிய இன்னும் நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகும். பழைய காலத்துக்குள் முடிக்க வேண்டுமென்றால் தவணை சுமார் 27,700 ஆக வேண்டும். மாதம் நாலாயிரத்து ஐந்நூறு கூடுதல் என்பது அவன் வீட்டில் சின்ன விஷயம் இல்லை. தம்பியும் அவன் மனைவியும் உட்கார்ந்து பேசி, பைக் மாற்றுவதைத் தள்ளிப்போட்டு, தவணையை ஏற்றச் சொல்லி எழுதிக் கொடுத்தார்கள்.

இப்படி நாடு முழுக்கப் பலருக்கும் சத்தமில்லாமல் காலம் நீண்டதால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும். வங்கியின் கொள்கைப்படி நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பையும் தர வேண்டும் என்று அப்போது சொன்னது, 2025 அக்டோபரிலிருந்து அது வங்கியின் விருப்பம். மூன்று மாதத்துக்கு ஒருமுறை, இதுவரை கட்டிய அசலும் வட்டியும் எவ்வளவு, மீதித் தவணை எத்தனை என்று கணக்கு கொடுக்க வேண்டும். அந்தத் தாள் வந்தால் தூக்கிப் போடாதீர்கள். அதில் மீதித் தவணைகளின் எண்ணிக்கையை மட்டும் போன முறை வந்ததோடு ஒப்பிட்டாலே போதும். மூன்று குறைந்திருந்தால் சரி. குறையாவிட்டாலோ கூடியிருந்தாலோ அன்றே கிளைக்குப் போக வேண்டும்.

2025-ல் காற்று திரும்பியது. பிப்ரவரியில் தொடங்கி டிசம்பருக்குள் ரெப்போ 6.5-லிருந்து 5.25-க்கு இறங்கியது. தம்பி தவணையைக் குறைக்கவில்லை. பழகிப்போன 27,700-ஐயே கட்டுகிறான். வட்டிக்குப் போய்க்கொண்டிருந்த பணம் இப்போது தானாக அசலில் விழுகிறது. கையைக் கூடுதலாக இறுக்காமலே கடனைச் சுருக்க இதைவிட வலியில்லாத வழி எனக்குத் தெரியவில்லை.

வட்டிக் கணக்கில் வராமல் வட்டி போலவே தின்கிற செலவுகளும் உண்டு. ஏற்காட்டில் என் பெரியப்பா மகன் வீடு கட்டியபோது அதைப் பார்த்தேன். மலையில் கட்ட அனுமதி வாங்குவதே தனிப் படலம். அப்புறம் மணல், ஜல்லி, கம்பி எல்லாம் அடிவாரத்திலிருந்து இருபது கொண்டை ஊசி வளைவு ஏறி வர வேண்டும். மழைக்காலத்தில் வேலை நின்றுவிடும். காபி பழம் பறிக்கும் சீசனில் ஆள் கிடைக்காது. கட்டுமானக் கடனில் வங்கி பணத்தைப் பகுதி பகுதியாகத்தான் விடும். வீடு முடிகிற வரைக்கும் விட்ட தொகைக்கு வட்டி மட்டும் கட்ட வேண்டும். ப்ரீ இ.எம்.ஐ. என்பார்கள். 15 லட்சம் வாங்கிய நிலையில் வேலை ஒரு வருஷம் இழுத்தால், 8.5 சதவீதத்தில் மாதம் 10,625 வீதம் ஒன்றேகால் லட்சம் போய்விடும். அசலில் ஒரு ரூபாய்கூடக் குறையாது. குடியிருக்கிற வாடகை வீட்டுக்கும் அதே மாதங்களில் வாடகை ஓடும். அண்ணன் பிறகு மேஸ்திரியோடு பேசி, கையிலிருந்த பணத்தில் அஸ்திவாரமும் பேஸ்மட்டமும் முடித்துவிட்டு, கடனின் அடுத்த பகுதியை மழை விட்ட பிறகுதான் எடுத்தார். மலையில் கட்டுகிறவர்கள் யாராயிருந்தாலும் அந்த வரிசையைப் பின்பற்றலாம்.

பத்திரச் செலவைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. இப்போது தமிழ்நாட்டில் கிரயத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 2023 ஜூலைக்கு முன்னால் பதிவுக் கட்டணம் 4 ஆக இருந்தது. கடன் தொகையை முடிவு செய்யும்போது பொதுவாக வங்கி இதை வீட்டு விலையில் சேர்க்காது, கைப்பணமாக வைத்திருக்க வேண்டும்.

இன்ஷூரன்ஸ் விஷயத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். கடன் அனுமதி வரும்போது, கடனோடு ஒரு லட்சம் போல ஒற்றைப் பிரீமியம் பாலிசியைச் சேர்த்து நீட்டுவார்கள். "கையிலிருந்து கட்ட வேண்டாம், லோன்லயே சேர்த்துடலாம்" என்பார்கள். சேர்த்தால் அந்த ஒரு லட்சத்துக்கும் இருபது வருஷம் வட்டி. 8.5 சதவீதத்தில் அது 2 லட்சத்து 8 ஆயிரம் ஆகிறது. காப்பீடு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, சம்பாதிக்கிறவர் பெயரில் கட்டாயம் வேண்டும். ஆனால் அந்த வங்கி காட்டும் பாலிசியையே எடுத்தாக வேண்டும் என்பதில்லை. நாங்கள் தனியாக டேர்ம் பாலிசி எடுத்தோம். பிரீமியம் வருஷா வருஷம் கையிலிருந்து போகிறது. கடனை முன்னாலேயே அடைத்தாலும், வேறு வங்கிக்கு மாற்றினாலும் பாலிசி நம்மோடேயே இருக்கும்.

"ஹவுசிங் லோனை ஏன் அடைக்கணும், வரி மிச்சமாகுதே" என்று அலுவலகத்தில் யாராவது ஒருவர் கட்டாயம் சொல்வார். பழைய வரிமுறையில், நாமே குடியிருக்கும் வீட்டுக்கு வருஷம் 2 லட்சம் வரை வட்டியைக் கழித்துக்கொள்ளலாம். 20 சதவீத வரி கட்டுகிறவருக்கு அதனால் மிச்சம் செஸ் சேர்த்து 41,600 ரூபாய். அதற்காக 2 லட்சம் வட்டி கட்டியிருக்கிறோம். புதிய வரிமுறையில் இருப்பவர்களுக்குக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு அந்தச் சலுகையும் கிடையாது.

இன்னொரு வாதம் இதைவிட நியாயமானது. இருபது வருஷம் கழித்துக் கட்டுகிற 26,035-க்கு இன்றைய மதிப்பு இருக்காது, அதனால் 62 லட்சம் என்று கூட்டிப் பார்த்துப் பயப்படக் கூடாது என்பார்கள். உண்மைதான். 2019-ல் எங்களை அழுத்திய தவணை இப்போது அந்த அளவுக்கு அழுத்தவில்லை. வாடகை வீட்டில் இருந்திருந்தால் வாடகையும் ஏறியிருக்கும். மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் இதைவிட அதிகம் கிடைக்கலாம் என்பதும் சரியாக இருக்கலாம். ஆனால் அது கிடைக்கலாம், கடனில் கட்டுவது கட்டாயம் மிச்சமாகும். 8.5 சதவீதக் கடனை அடைப்பது, வரிச்சலுகை எடுக்காதவர்களுக்கு, வரி இல்லாமல் உறுதியாக 8.5 சதவீதம் சம்பாதிப்பதற்குச் சமம். எங்கள் அளவிலான குடும்பத்தில், இரண்டு சம்பளத்தில் ஒன்று நின்றால் என்ன ஆகும் என்ற கேள்வி இருக்கும்போது, நான் உறுதியான பக்கம்தான் நிற்பேன். இளம் வயதில் நல்ல சம்பளத்தில் இருப்பவர்கள் பாதி பாதியாகப் பிரித்துக்கொள்ளலாம்.

எங்கள் கணக்கைச் சொல்லிவிடுகிறேன். இடையில் வட்டி இறங்கி ஏறி இறங்கியது. அட்டவணைப்படி மட்டும் கட்டியிருந்தால் ஏழு வருஷ முடிவில் பாக்கி 24 லட்சத்து 53 ஆயிரம் இருந்திருக்க வேண்டும். இப்போது 17 லட்சத்துக்குள் வந்துவிட்டது. மாதம் 3,500-ம் போனஸில் ஒரு பங்கும் தவிர வேறு பெரிய தொகை எதுவும் நாங்கள் போடவில்லை. மாமனார் இன்னும் மாதக் கடைசியில், "பாக்கி எவ்வளவும்மா நிக்குது?" என்று கேட்பார். அவருக்குத் தவணை எவ்வளவு என்பதில் அக்கறை இல்லை.

கடனை முடிக்கிற கட்டத்தில் இருப்பவர்களுக்கு ஒரு விஷயம். கடைசிப் பணம் கட்டியதும் நோ டியூ சர்டிஃபிகேட் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிடாதீர்கள். மூலப்பத்திரம் உட்பட, கொடுத்த எல்லா ஆவணங்களையும் 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இந்த விதி நடைமுறையில் இருக்கிறது. வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் நமக்குத் தர வேண்டும். கடன் வாங்கும்போது அவர்கள் கொடுத்த ஆவணப் பட்டியலை வைத்து ஒவ்வொன்றாகச் சரிபார்த்து வாங்குங்கள். அப்புறம், சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானம் பதிவாகியிருந்தால் கடன் அடைந்துவிட்டது என்று காட்டும் ரசீது ஆவணத்தை அங்கே பதிய வேண்டும். வங்கியிலிருந்து ஒருவர் வந்து கையெழுத்துப் போட வேண்டியிருக்கும், தேதியை முன்னாலேயே பேசி வைத்துக்கொள்ளுங்கள். பதிந்து சில நாள் கழித்து வில்லங்கம் போட்டுப் பாருங்கள். கடன் வாங்கிய பதிவுக்குக் கீழே ரசீதுப் பதிவும் ஏறியிருக்க வேண்டும். ஏறவில்லை என்றால் அந்த வாரமே போய்க் கேளுங்கள். பிள்ளைகள் காலத்தில் இதைச் சரிசெய்ய அலைவது பெரிய பாடு.